குறுக்கே பேசுகிறவள்

சந்திர நீர் வாரியத்தின் விளம்பரப் படத்தை நீங்களும் பார்த்திருப்பீர்கள். வெள்ளைச் சீருடையில் நாலு பேர் சாப்பாட்டு மேசையைச் சுற்றி உட்கார்ந்திருப்பார்கள். ஒருவர் பேசுவார். மற்றவர்கள் கேட்பார்கள். அவர் முடித்ததும் சின்னதாக ஓர் அமைதி. அதற்கப்புறம்தான் அடுத்தவர் வாயைத் திறப்பார். பின்னணியில் வீணை ஒலிக்க, "பண்பட்ட மானுடத்தின் அடுத்த படி" என்று கம்பீரமான குரல் ஒன்று அறிவிக்கும்.

அந்த அமைதிக்குக் காரணம் பண்பாடு இல்லை, தூரம். நிலாவில் சொன்ன சொல் பூமிக்குப் போய்ச் சேர ஒரு நொடிக்கு மேல் ஆகும். பதில் வந்து சேர இன்னொரு நொடிக்கு மேல். வீட்டுக்குப் பேசிப் பேசி, சொன்னதும் ரெண்டு மூச்சு காத்திருப்பது எல்லோருக்கும் பழகிப்போனது. கடைசியில் எதிரே நின்று சாம்பார் ஊற்றுகிறவனிடம் 'போதும்' என்று சொல்வதற்கும் ரெண்டு மூச்சு எடுத்துக்கொண்டார்கள். அதற்குள் தட்டு நிறைந்து வழிந்துவிடும். இதற்கு 'நிலா மரியாதை' என்று பெயர் வைத்து வாரியம் பெருமைப்பட்டது.

ஆறுமுகநயினாருக்கு அந்த மரியாதைதான் உயிரை எடுத்தது.

நயினார் தூத்துக்குடிக்காரர், பம்பு மெக்கானிக். நிலாவின் தென்முனையில் வெயிலே படாத பள்ளங்களில் பனிக்கட்டியை வெட்டி, உருக்கி, குழாயில் ஏற்றும் ஆலையில் வேலை. அரசாங்கம் இலவசமாகப் படிக்க வைத்து, அதற்குப் பதிலாகக் கட்டாயப் பணிப் பத்திரத்தில் கையெழுத்து வாங்கியிருந்தது. அந்தப் பாண்டு முடிகிற வரைக்கும் ஊர் திரும்ப முடியாது. கையெழுத்துப் போட்ட அன்று மேடை, மாலை, பேண்டு வாத்தியம் எல்லாம் இருந்தன. அவர் மனைவி தங்கபுஷ்பமும் இருந்தாள். மேடைக்குப் பக்கத்தில் நின்று, பேண்டு வாத்தியத்தையும் மீறிக் கேட்கிறபடி அவரை ஏசிக்கொண்டிருந்தாள்.

அவர்கள் குடும்பம் நடந்ததே அப்படித்தான். நயினார் பாதி சொல்வார், மீதியை அவள் பிடுங்கிக்கொள்வாள். அவள் மூச்சு வாங்குகிற இடத்தில் இவர் புகுவார். இவர் புகுந்த பிறகும் அவள் நிறுத்தமாட்டாள். ரெண்டு குரலும் ஒன்றின் மேல் ஒன்று ஏறி, எங்கேயோ ஒரு திருப்பத்தில் யாராவது ஒருவர் சிரித்துவிட, டீ வந்துவிடும். பக்கத்து வீட்டு மரகதம் ரேடியோவை அணைத்துவிட்டுக் கேட்பாள்.

நிலாவிலிருந்து அதெல்லாம் முடியுமா? இவர் குறுக்கே போட்ட வார்த்தை அங்கே போய்ச் சேருவதற்குள் அவள் வேறு விஷயத்துக்குப் போயிருப்பாள். என்னவோ கேட்கிறாரே என்று நிறுத்துவாள். அவள் நிறுத்தியது தெரிந்து இவரும் நிறுத்துவார். பிறகு ரெண்டு பேரும் ஒரே நேரத்தில் ஆரம்பிப்பார்கள், ஒரே நேரத்தில் விட்டுக்கொடுப்பார்கள்.

"சரி, நீரு சொல்லும்."

"இல்ல, நீ சொல்லு புஷ்பம்."

பெண் பார்க்க வந்த நாளில்கூட அவர்கள் இவ்வளவு மரியாதையாகப் பேசியதில்லை.

வேலை முடிந்ததும் நயினார் கண்ணாடிச் சன்னலுக்கு வருவார். வெளியே சாம்பல் பூத்த உப்பளம் மாதிரி தரை நீண்டு கிடக்கும். பாத்தி இல்லை, கடல் இல்லை, காக்காய் இல்லை. அடிவானத்தில் பூமி, ஏறவும் மாட்டாமல் இறங்கவும் மாட்டாமல், கழற்ற மறந்த கல்யாண வீட்டு பல்பு போலத் தொங்கும். அதில் தூத்துக்குடி எந்தப் பக்கம் என்று தேடுவார். தேடி முடிப்பதற்குள் அது திரும்பிக்கொண்டுவிடும்.

"பாண்டுலருந்து வெளிய போக வழியே கெடையாதா, பிள்ள?" என்று ஒருநாள் நர்ஸ் எஸ்தர்ராணியிடம் கேட்டார். நாகர்கோவில் பெண். அவளும் பாண்டில் வந்தவள்தான்.

"ஒரே வழிதான் அண்ணாச்சி. மெடிக்கல் அன்ஃபிட்."

"அப்ப ஏதாவது சீக்கு வரவைக்கணும்."

"வராது. வந்த அன்னைக்கே ஊசி போட்டோம்லா? உள்ள கண்ணுக்குத் தெரியாத ரிப்பேர்காரனுவ சுத்திக்கிட்டே இருக்கானுவ. போன மாசம் ஒருத்தரு வேணும்னே விரல மெஷினுக்குள்ள விட்டாரு. வாரக் கடைசிக்குள்ள மொளச்சிட்டு. பழைய விரல்ல இருந்த மச்சத்தோட."

"மச்சத்தோடயா?"

"அவருக்கு அதுதான் ரொம்ப வருத்தம்." எஸ்தர்ராணி குரலைத் தாழ்த்தினாள். "ஒண்ணே ஒண்ணத்தான் அந்த ஊசிக்கு ரிப்பேர் பாக்கத் தெரியல. வீட்டு ஏக்கம்."

அது ஊரறிந்த கதை. சாத்தூர்க்காரன் சீனிவேலு ஒருநாள் தலை சீவி, நல்ல சட்டை போட்டுக்கொண்டு, வெளிக்கதவைத் திறந்து, பூமி இருக்கிற திசையில் நடக்க ஆரம்பித்துவிட்டான். காற்றில்லாத இடத்தில் எத்தனை தூரம் போக முடியும்? செத்தவனைச் செப்பனிடவும் ஊசிக்குத் தெரியாது. பத்திரிகைகள் கத்தின. உடனே ஒரு நிபுணர் குழு அமைக்கப்பட்டு, வெவ்வேறு மலை வாசஸ்தலங்களில் கூடி ஆராய்ந்து, ஏக்கமும் ஒரு நோய்தான் என்று கண்டுபிடித்தது. அதை அளக்க ஏக்கமானி என்று ஒரு கருவி செய்தார்கள். நெற்றியில் பட்டை கட்டி, எதிரே முள். முள் சிவப்புக் கோட்டைத் தாண்டினால் பணிக்குத் தகுதியில்லை, ஊருக்குப் போகலாம். தாண்டாவிட்டால் பம்புக்குப் போகலாம்.

நயினார் மனுப் போட்டார்.

மருத்துவ வாரியத்தில் மூன்று பேர். தலைவர் டாக்டர் தணிகைவேந்தனார். அவர் பேச, ஒருவர் தலையாட்டுவார், ஒருவர் குறிப்பெடுப்பார். மூவருமே நிலாப் பயணத்துக்கு உடல் தகுதி இல்லாதவர்கள் என்று சான்றிதழ் வாங்கி வைத்திருந்ததால், சென்னையில் இருந்தபடியே திரையில் விசாரித்தார்கள். தமிழன் எதற்கெல்லாம் ஏங்குவான் என்பது அரசாணையில் அட்டவணையாக இருந்தது: மல்லிகை, மழை நனைத்த மண்ணின் மணம், தாலாட்டு. மூன்றும் மூடி போட்ட குப்பியிலும் பெட்டியிலும் நிலாவுக்கு வந்திருந்தன. பெயர், 'தாயக நினைவூட்டி.'

எஸ்தர்ராணி மல்லிகைக் குப்பியைத் திறந்தாள். நயினார் தும்மினார்.

மண் மணத்தைத் திறந்தாள். அவர் முகம் வெளிறியது. திரையில் தலைவர் முகம் மலர்ந்தது.

"தாங்கள் தற்போது தாயகத்தை உணர்கிறீர்கள், அல்லவா?"

"உணருதேன் ஐயா. மழை வருது, உப்பெல்லாம் கரையப்போகுது, ஓடிப்போய்த் தார்ப்பாயப் போட்டு மூடணும்னு பதறுது."

உப்பளத்தில் பிறந்தவனுக்கு மழை மணம் என்றால் இழவு வீட்டு மணம் என்பது அட்டவணையில் இல்லை. தாலாட்டு மிச்சமிருந்தது. நயினாரின் அம்மா அவரை முதுகில் ஒன்று போட்டுத்தான் தூங்க வைப்பாள். முள் எழுந்திருக்கவே இல்லை.

'பணிக்குத் தகுதியுடையவர்' என்று முடிவு வந்தது. மேலே வாரியத்தின் முத்திரை. கீழே, "தங்கள் நலம் நாடுகிறோம். தங்கள் மேல்முறையீடு, இருப்பின், கனிவுடன் பரிசீலிக்கப்படும்." ஒரு பிரதி வீட்டுக்கும் போனது.

"உங்களுக்கு எது கேட்டா நெஞ்சு அடைக்குமோ, அத வச்சு அளக்கச் சொல்லி அப்பீல் போடுங்க அண்ணாச்சி" என்றாள் எஸ்தர்ராணி. "என்னது அது?"

நயினார் ரெண்டு மூச்சுக்கும் கூடுதலாகவே எடுத்துக்கொண்டார்.

"என் வீட்டுக்காரி ஏசுறது."

அன்று போன் போட்டார். "புஷ்பம், ஒரு உதவி. என்னக் கொஞ்சம் ஏசு. போர்டுக்குக் காட்டணும்."

அமைதி. போக ஒரு நொடி, வர ஒரு நொடி.

"சும்மா எப்படி ஏசுறது? காரணம் வேண்டாமா? மனுசன் நிலாவுல போய் உக்காந்துக்கிட்டு, போன் போட்டு ஏசுன்னா, இவ ஏசிருவாளா? என்ன, ஓட்டல்ல ஆர்டர் குடுக்குதீரா? கையெழுத்துப் போடுததுக்கு முன்னால என்கிட்ட ஒரு வார்த்த கேட்டீரா? கேட்டிருந்தா அன்னைக்கே ஏசியிருப்பேன்லா! மால போடுதானுவன்னதும் கழுத்த நீட்டிக்கிட்டு நின்னீரே, கெடா மாதிரி! கூறு இருக்கா உமக்கு? தண்ணிக்காக நிலாவுக்குப் போனாராம். இங்ஙன ரெண்டு தெரு தள்ளி கொழாய் ஒடஞ்சு ஓடிக்கிட்டுக் கெடக்கு, அதச் சரிபண்ண ஒரு நாதி கெடையாது..."

காரணமில்லாமல் ஏச முடியாது என்று சொல்ல ஆரம்பித்தவள் நெடுநேரம் அதையே சொன்னாள். நயினார் மூச்சுவிடாமல் பதிவு செய்தார்.

மேல்முறையீட்டு நாளில் வாரியம் கனிவுடன் கூடியது. நெற்றிப் பட்டை கட்டப்பட்டது. அன்றைக்கு முள் ஏற்கெனவே சிவப்புக் கோட்டுக்கு ஒரு மயிரிழை கீழே நடுங்கிக்கொண்டிருந்தது. இன்னும் ஒரு தட்டுத் தட்டினால் போதும். எஸ்தர்ராணி கண்ணை மூடிக்கொண்டு பதிவைப் போட்டாள்.

'சும்மா எப்படி ஏசுறது?' என்றது புஷ்பத்தின் குரல்.

நயினாரின் தோள் தளர்ந்தது. 'கெடா மாதிரி' என்ற இடத்தில் சிரித்தார். 'கூறு இருக்கா உமக்கு' என்றபோது, இல்லை என்று சந்தோஷமாகத் தலையாட்டினார். முள் சரசரவென்று இறங்கி, அடியில் போய், பசும்புல்லில் படுத்த மாடு மாதிரி படுத்துக்கொண்டது.

சென்னையில் தணிகைவேந்தனார் மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார், மாட்டினார், மறுபடியும் கழற்றினார்.

"அற்புதம்! நாம் நோயை அளக்கப் புறப்பட்டோம், மருந்தே கிடைத்துவிட்டது!"

ஒருவர் தலையாட்டினார். ஒருவர் குறிப்பெடுத்தார்.

"ஐயா, அது மருந்து இல்ல ஐயா, அதுதான் ஐயா சீக்கே..." என்று நயினார் பட்டையைப் பிடுங்கிக்கொண்டு எழுந்தார். அந்தச் சொல் போய்ச் சேருவதற்குள் அங்கே கூட்டம் கலைந்து வடை வந்திருந்தது.

அதற்கப்புறம் நடந்தது நாடறிந்தது. 'இல்லாள் குரல்' திட்டம் தொடங்கப்பட்டது. தணிகைவேந்தனாருக்குப் பொன்னாடைகள் குவிந்தன. நிலாப் பணியாளர்களின் மனைவிமார், தாய்மார் அனைவரும் கண்ணியம் குறையாத வகையில் ஏசிப் பதிவுசெய்து அனுப்புமாறு கேட்டுக்கொள்ளப்பட்டார்கள். நயினாருக்கு மருந்துச் சீட்டு வந்தது: ஏச்சு, நாளுக்கு மூன்று வேளை, உணவுக்குப் பின். அடுத்த ஆண்டு மறுபரிசோதனை. அதன் பிரதியும் வீட்டுக்குப் போனது.

அன்று போனில் புஷ்பம் ரொம்ப நேரம் பேசவில்லை. தூரத்தைக் கணக்கிட்டாலும் அது அதிகம்.

"நான் ஏசினா உமக்குச் சரியாயிருதாமே?" என்றாள் கடைசியில்.

"ஆமாட்டி. முள்ளு படுத்துட்டு."

பிறகு ஒரு குரல் வந்தது. அவளுடையதுதான், ஆனால் இஸ்திரி போட்டு மடித்து வைத்தது மாதிரி இருந்தது.

"நல்லது. தாங்கள் உடல்நலத்தைக் கவனித்துக்கொள்ளுங்கள்."

நயினார் போனைத் தட்டிப் பார்த்தார். லைன் மாறிவிட்டதோ?

மாறவில்லை. அடுத்த வாரமும் அதே குரல். "தங்கள் நலம் நாடுகிறேன். இங்கு யாவரும் நலம்." அதற்கடுத்த வாரமும். நயினார் முதலில் விளையாட்டு என்று நினைத்தார். பிறகு கோபம் என்று நினைத்தார். கோபம் என்றால் நல்லதுதான், கோபத்துக்கு ஒரு முடிவு உண்டு. அவளைக் கிளப்பிப் பார்த்தார். அவள் அண்ணனைப் பேச்சில் இழுத்தார். அசையவில்லை. கடைசியில் யாரும் தொடத் துணியாத இடத்தில் கை வைத்தார்.

"உண்மையச் சொல்லணும்னா புஷ்பம், ஒன் புளிக்கொழம்பு எனக்குப் பிடிக்கவே பிடிக்காது. கழுநீர் மாதிரி இருக்கும்."

சொல்லிவிட்டுக் காத்திருந்தார். இதற்குக்கூட அவள் வெடிக்காவிட்டால் உலகத்தில் வெடிமருந்தே கிடையாது.

"தங்கள் கருத்து" என்றாள் புஷ்பம், "கனிவுடன் பரிசீலிக்கப்படும்."

அன்றிலிருந்து நயினாருக்குச் சோறு இறங்கவில்லை. மூன்று வேளை மருந்தும் பலிக்கவில்லை. பதிவில் எந்த இடத்தில் மூச்சு வாங்குவாள், எந்த இடத்தில் வளையல் குலுங்கும் என்பதெல்லாம் மனப்பாடம். அந்த மூச்சு வாங்குகிற இடத்தில் இவர் புகுந்து ஏதாவது சொல்வார். அந்தக் குரல் இவரைச் சட்டை செய்யாமல் தன்பாட்டுக்குப் போகும். செத்தவளோடு பேசுகிற மாதிரி இருந்தது. ஒருநாள் எஸ்தர்ராணியே வந்து பதிவை வாங்கிக்கொண்டாள்.

"இது பழுதாயிட்டு அண்ணாச்சி."

"நல்லாத்தானே கேக்குது?"

"பழுதாயிட்டு" என்றாள் அவள், அவர் முகத்தைப் பார்க்காமல்.

ஒரு ஷிப்டு முடிந்து, நயினார் தலை சீவிக்கொண்டார். நல்ல சட்டையை எடுத்துப் போட்டுக்கொண்டார். ஏன் என்று அவருக்கே தெரியாது. கால் தானாக நடந்து வெளிக்கதவுக்கு முன்னால் போய் நின்றது. அங்கே ஒரு ஸ்டூலைப் போட்டு எஸ்தர்ராணி உட்கார்ந்திருந்தாள். ரொம்ப நாளாக அங்கேதான் உட்காருகிறாள் என்பது போல, பக்கத்தில் தண்ணீர் பாட்டிலும் பாதி பின்னிய ஸ்வெட்டரும் இருந்தன.

"அவளுக்கு நான் வேண்டாதவனாயிட்டேன், பிள்ள."

எஸ்தர்ராணி வாயைத் திறந்தாள். ஏதோ சொல்ல வந்தாள். ஸ்வெட்டரைப் பார்த்து, மூடிக்கொண்டாள்.

"சட்ட நல்லாருக்கு அண்ணாச்சி" என்றாள். "போய்ப் படுங்க. நான் இங்ஙனதான் இருப்பேன்."

மறுபரிசோதனை நாள் வந்தது. பொன்னாடையோடு திரையில் தோன்றிய தணிகைவேந்தனாருக்குத் தம்முடைய முதல் நோயாளியைப் பார்ப்பதில் பெருமகிழ்ச்சி. பட்டை கட்டினார்கள். எஸ்தர்ராணி மல்லிகைக் குப்பியை எடுத்து மூடியில் கை வைத்தாள். தலைவர் தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"தாங்கள் நலந்தானே? தங்கள் நலம் நாடுகிறோம்."

முள் எகிறியது. சிவப்புக் கோட்டைத் தாண்டி, கருவியின் விளிம்பில் போய் இடித்து, அங்கேயே நின்று அடித்துக்கொண்டது. எங்கேயோ மணி அலறியது. நயினார் நாற்காலியில் குனிந்து, சத்தமில்லாமல், தோள் குலுங்கக் குலுங்க அழுதுகொண்டிருந்தார்.

"மல்லிகை!" என்று கூவினார் தணிகைவேந்தனார். "நான் அன்றே சொன்னேன், நமது மல்லிகை ஒருநாள் வெல்லும் என்று!"

குப்பியின் மூடி இன்னும் திறக்கப்படவில்லை. எஸ்தர்ராணி அதைத் தொடக்கூட இல்லை என்பது போல மெல்லக் கீழே வைத்தாள்.

நயினார் மருத்துவக் காரணத்தால் பணிக்குத் தகுதியற்றவராகி விடுவிக்கப்பட்டார். அவருக்கு அது விடுதலையாகவே தெரியவில்லை. எந்த வீட்டுக்குப் போவது?

ஆனாலும் போனார். பூமி அவரை ஈரக் கோணியைப் போல அழுத்தியது. தூத்துக்குடி பஸ் நிலையத்திலிருந்து வீடு வரைக்கும் நின்று நின்று நடந்தார். உப்பளத்துக் காற்று முகத்தில் பட்டது. எல்லாம் இருந்த இடத்திலேயே இருந்தன. ரெண்டு தெரு தள்ளி அந்தக் குழாய் உடைந்தபடியே ஓடிக்கொண்டிருந்தது.

புஷ்பம் வாசலில் நின்றாள். இளைத்திருந்தாள். ஈரக் கையை முந்தானையில் துடைத்தாள், துடைத்த கையையே மறுபடி துடைத்தாள். அவள் 'தாங்கள்' என்று சொல்லிவிட்டால் இப்படியே திரும்பிவிடுவது என்று நயினார் நினைத்துக்கொண்டார்.

"செருப்ப வெளிய விட்டுட்டு வாரும்" என்றாள் புஷ்பம். "நிலா மண்ண வீட்டுக்குள்ள கொண்டாந்துராதீரு."

நயினார் செருப்பைக் கழற்றினார்.

"நான் ஏசினா உமக்குச் சரியாயிரும்னு அந்த மூணு பேரும் எழுதிட்டானுவ. நான் என்ன செய்ய? எஸ்தர் பிள்ளைக்குப் போன் போட்டுக் கேட்டேன். 'அக்கா, சரியாகாம இருந்தாத்தான் விடுவானுவ, ஏசாதீங்க, இது அண்ணாச்சிக்குத் தெரிஞ்சாலும் முள்ளு ஏறாது'ன்னா. உம்ம வாரியம் அனுப்பின கடுதாசியத்தான் எடுத்து வச்சுப் படிச்சேன். தாங்களாம், தங்களாம். ஒவ்வொரு தடவையும் போன வச்சுட்டு அடுக்களையில போய் முந்தானையக் கடிச்சிக்கிட்டு நிப்பேன். அந்தப் பிள்ள கதவுக்குப் பக்கத்துலயே காவல் இருந்துச்சு. அது இல்லன்னா..." குரல் உடைந்தது. "என்ன, ஒண்ணும் சொல்லமாட்டீரா?"

நயினார் சொல்லத்தான் போனார். ஆனால் அவர் உடம்பு காத்திருந்தது. ஒரு மூச்சு. ரெண்டு மூச்சு.

"சொல்லுதேன்" என்றார்.

புஷ்பத்தின் முகம் மாறியது. எதிரே, கை எட்டும் தூரத்தில் நிற்கிற மனிதர் நிலாவிலிருந்து பேசினார்.

"இனிமே இப்படித்தான் பேசுவீரா?"

ஒரு மூச்சு. ரெண்டு மூச்சு. "நீ முடி புஷ்பம். முடிச்சதும் சொல்லுதேன்."

"முடிக்கமாட்டேன்" என்றாள் அவள். கண்ணிலிருந்து நீர் வழிந்தது, குரல் ஏறியது. "எதுக்கு முடிக்கணும்? நான் முடிக்கிற வரைக்கும் நீரு எப்போ நின்னிருக்கீரு? குறுக்க பேசும்! என் புளிக்கொழம்பு கழுநீரா? கழுநீருன்னா சொன்னீரு? அத்தன வருசம் அந்தக் கழுநீர ஊத்தி ஊத்தித் தின்னவரு யாரு? சட்டியக் கவுத்து வழிச்சவரு யாரு? எங்க அண்ணன் வந்தா அவனுக்கு மிச்சம் வைக்காம..."

"ஒங்க அண்ணன்..." என்றார் நயினார்.

"எங்க அண்ணனுக்கு என்ன..."

"ஒங்க அண்ணன் வந்தா சட்டியே மிஞ்சாது, கொழம்பு எங்க..."

"அவன் உம்மள மாதிரி ஊர விட்டு..."

"ஏட்டி, நான் சொன்னது என்னன்னா, ஒன்ன ஒரு வார்த்த பேசவைக்க..."

"பேசவைக்கக் கழுநீருன்னா சொல்லுவாரு ஒருத்தரு..."

"பின்ன நீ தாங்கள் தங்கள்னு..."

இருவரும் நிறுத்தவில்லை.

பக்கத்து வீட்டு மரகதம் ரேடியோவை அணைத்தாள். எழுந்து வந்து சன்னலைத் திறந்தாள். யார் என்ன சொல்கிறார்கள் என்று ஒரு வார்த்தையும் பிரித்தெடுக்க முடியவில்லை. சன்னலை இன்னும் கொஞ்சம் அகலமாகத் திறந்து, கொக்கியை மாட்டிவிட்டு, அங்கேயே உட்கார்ந்துகொண்டாள்.